இது ஃபிக்ஸா, உன் கணக்கா?

நோபிள் ஃபிராங்க்லண்ட் என்ற பெயரை நான் முதலில் பார்த்தது ஒரு சரக்குக் கப்பலின் ஓய்வறையில். துறைமுகத்தில் இடம் கிடைக்காமல் பதினோரு நாள் நங்கூரம் போட்டு நின்றிருந்தோம். முன்பு வேலை பார்த்த யாரோ விட்டுவிட்டுப் போன டிவிடி பெட்டி ஒன்று அலமாரியில் கிடந்தது. 'தி வேர்ல்ட் அட் வார்', 1973இல் தேம்ஸ் டெலிவிஷன் ஒளிபரப்பிய தொடர், மொத்தம் 26 பகுதிகள். லாரன்ஸ் ஒலிவியரின் குரல். நான் அப்போது செகண்ட் ஆபீசர். பன்னிரண்டு-நாலு வாட்ச், அதாவது அந்த நேரத்துக் கண்காணிப்புப் பணி, என்னுடையது. விடியற்காலை நாலு மணிக்கு இறங்கி வந்து ஒரு பகுதி, மாலையில் இன்னொரு பகுதி என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

பகுதி முடிந்து பெயர்கள் ஓடும்போது வரலாற்று ஆலோசகர் என்று ஒருவர் பெயர் வரும், டாக்டர் நோபிள் ஃபிராங்க்லண்ட். யாரோ பெரிய பேராசிரியராக இருப்பார் என்று நினைத்துக்கொண்டேன். ரொம்ப நாள் கழித்துத்தான் தெரிந்தது, அவர் லங்காஸ்டர் குண்டுவீச்சு விமானத்தில் வழியைக் கணக்கிடும் நேவிகேட்டராக இருந்தவர் என்று. அன்றிலிருந்து அவர் எனக்கு வேறு ஆளாகிவிட்டார். எங்கள் வேலை பார்த்தவர்.

அவரைப் பற்றிச் சொல்லும் முன் என் வேலையில் நடந்த ஒன்றைச் சொல்ல வேண்டும்.

நான் ஆபீசர் ஆன புதிது. பழைய கப்பல். ஜிபிஎஸ் கருவி பழுதாகிவிட்டது, வானம் இரண்டு நாளாக மூடியே கிடந்தது, நட்சத்திரம் எதுவும் கிடைக்கவில்லை. அந்த மாதிரி நேரத்தில் செய்வதற்கு டெட் ரெக்கனிங் என்று ஒன்று உண்டு. கடைசியாக நிச்சயமாகத் தெரிந்த இடத்திலிருந்து எந்தத் திசையில், என்ன வேகத்தில், எத்தனை மணி நேரம் வந்தோம் என்று கணக்குப் போட்டு, இப்போது இங்கே இருப்போம் என்று சார்ட்டில், அதாவது கடல் வரைபடத்தில், குறிப்பது. அப்படிக் கணக்கில் வந்த இடத்துக்கு ஒரு சின்னக் குறுக்குக் கோடு போட வேண்டும். கரையையோ நட்சத்திரத்தையோ பார்த்து நிச்சயப்படுத்திய இடம் என்றால் வட்டம். அதற்குப் பெயர் ஃபிக்ஸ். நான் நள்ளிரவு இடத்துக்கு வட்டம் போட்டுவிட்டேன். கணக்கு மேல் அவ்வளவு நம்பிக்கை.

மூன்று மணிக்கு கேப்டன் மேலே வந்தார். திருநெல்வேலிக்காரர், அதிகம் பேச மாட்டார். சார்ட் மேசையில் சிவப்பு விளக்கைச் சாய்த்துப் பார்த்தார்.

"தம்பி, இது ஃபிக்ஸா, உன் கணக்கா?"

"கணக்குதான் சார்."

"அப்போ வட்டம் எதுக்கு?"

பதில் சொல்லவில்லை. அவரே ரப்பரை எடுத்து வட்டத்தை அழித்தார். தூளை ஊதிவிட்டு, குறுக்குக் கோடு ஒன்று போட்டார். பென்சிலை என் கையில் கொடுத்துவிட்டுக் கீழே போய்விட்டார். காலையில் ராடாரில் ஒரு தீவு தெரிந்தது. நாங்கள் என் வட்டத்திலிருந்து ஒன்பது மைல் தள்ளி இருந்தோம். அடியில் ஓடிய நீரோட்டம் எங்களை நகர்த்தியிருந்தது. அதை எந்தக் கணக்கிலும் நான் சேர்க்கவில்லை.

ஃபிராங்க்லண்டின் வாழ்க்கையைப் படிக்கும்போதெல்லாம் அந்த ரப்பர் தூள்தான் ஞாபகம் வரும்.

அவர் பிறந்தது 1922 ஜூலை 4, இங்கிலாந்தின் வடக்கே வெஸ்ட்மோர்லண்டில். ஆக்ஸ்ஃபோர்டில் டிரினிட்டி கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தபோது போர் குறுக்கே வந்தது. 1941இல் விமானப்படையில் சேர்ந்தார். விமானப்படையின் குண்டுவீச்சுப் பிரிவான பாம்பர் கமாண்டில் நேவிகேட்டர். 1944இல் டி.எஃப்.சி. என்ற வீர விருது கிடைத்தது.

பாம்பர் கமாண்ட் என்றால் என்னவென்று ஒரு கணக்கு மட்டும் சொல்கிறேன். அதில் விமானமேறிப் போனவர்கள் சுமார் 1,25,000 பேர். செத்தவர்கள் 55,573 பேர். முப்பது தடவை போய் வந்தால் ஒரு சுற்று முடிந்தது என்று விடுவார்கள். அந்த முப்பதைப் பார்க்காதவர்கள்தான் நிறையப் பேர்.

லங்காஸ்டரில் ஏழு பேர். நேவிகேட்டருடைய இடம் பைலட்டுக்குப் பின்னால், இடது பக்கச் சுவரைப் பார்த்த மாதிரி ஒரு மேசை. சுற்றித் திரை. விளக்கு வெளிச்சம் வெளியே கசிந்தால் ஜெர்மன் சண்டை விமானத்துக்கு அடையாளம் காட்டிவிடும் என்பதற்காக அந்தத் திரை. ஊர் எரிவதையும் பீரங்கி வெடிப்பதையும் மற்றவர்கள் பார்த்துக்கொண்டிருக்க, இவர் முன்னால் சார்ட், பென்சில், லாக் என்ற பயணக் குறிப்பேடு. வெளியே எட்டிப் பார்க்காமலேயே பல தடவை போய் வந்த நேவிகேட்டர்கள் உண்டு. கீ என்ற ரேடியோக் கருவி எட்டும் தூரம் வரைக்கும் ஆறு நிமிடத்துக்கு ஒரு ஃபிக்ஸ் எடுக்க வேண்டும். ஆறு நிமிடம் என்பது மணியில் பத்தில் ஒரு பங்கு. அதற்குள் வந்த தூரத்தைப் பத்தால் பெருக்கினால் வேகம் கிடைத்துவிடும். கப்பலில் ராடாரில் இன்னொரு கப்பலைக் கவனிக்கும்போது நாங்களும் இதையேதான் செய்வோம். இந்த ஆறு நிமிட விஷயத்தைப் படித்தபோது ஏதோ சொந்தக்காரரைக் கண்டுபிடித்த மாதிரி இருந்தது.

ஜெர்மன்காரர்கள் கீ கருவியின் அலைகளைக் கெடுத்துவிடுவார்கள். ஐரோப்பியக் கரையைத் தாண்டியதும் அது அநேகமாகப் பயன்படாது. அதற்குப் பிறகு கீழே தரையைக் காட்டும் ஹெச்2எஸ் ராடார், அதுவும் சரியில்லாவிட்டால் பழையபடி கணக்குதான். அந்தக் கணக்கில் ஆட்டத்தைக் கெடுப்பது காற்று. எங்களுக்கு நீரோட்டம் எப்படியோ அப்படி.

1944 மார்ச் 24 இரவு பெர்லினுக்குப் போன 811 விமானங்களுக்கு என்ன ஆயிற்று என்பதை நேவிகேஷன் வேலை பார்க்கிற எவரும் மறக்க முடியாது. அன்றைக்கு வடக்கேயிருந்து மணிக்கு 100 மைலுக்கும் மேலான வேகத்தில் காற்று அடித்தது. அனுபவமுள்ள சில நேவிகேட்டர்கள் காற்றை அளந்து தலைமையகத்துக்குச் சொல்வார்கள், அங்கிருந்து எல்லா விமானங்களுக்கும் ஒரே அளவாகத் திருப்பிச் சொல்வார்கள். இதுதான் ஏற்பாடு. ஆனால் அளந்தவர்களில் பலருக்குத் தங்கள் அளவையே நம்ப முடியவில்லை. இவ்வளவு காற்று இருக்காது என்று குறைத்துச் சொன்னார்கள். வாங்கினவர்களும் நம்பாமல் இன்னும் குறைத்தார்கள். குறைந்த அளவு திரும்பி வந்தது. விமானங்கள் தெற்கே சிதறிப்போய், பீரங்கிகள் நிறைந்த ஊர்களுக்கு மேல் போய்ச் சேர்ந்தன. 72 விமானங்கள் திரும்பவில்லை.

கருவி சரியாகத்தான் சொன்னது. எதிர்பார்த்ததற்கு ஒத்துவரவில்லை என்பதால் மனிதர்கள் அதைத் திருத்திவிட்டார்கள். ஃபிராங்க்லண்ட் பிற்பாடு வரலாற்றாசிரியராக எதிர்கொண்ட பிரச்சினையும் இதேதான் என்று நினைக்கிறேன்.

போர் முடிந்ததும் ஆக்ஸ்ஃபோர்டில் படிப்பை முடித்தார். விமான அமைச்சகத்தின் வரலாற்றுப் பிரிவில் வேலைக்குப் போனார். குண்டுவீச்சு பற்றியே ஆய்வு செய்து 1951இல் டாக்டர் பட்டம் வாங்கினார். அதே ஆண்டு அரசாங்கம் அவரை ஜெர்மனி மீதான குண்டுவீச்சின் அதிகாரபூர்வ வரலாற்றை எழுத நியமித்தது. கூட எழுதியவர் சர் சார்லஸ் வெப்ஸ்டர். அவர் பெரிய ராஜதந்திர வரலாற்றாசிரியர், 1886இல் பிறந்தவர். ஒருவருக்கு அறுபதைத் தாண்டிய வயது, இன்னொருவருக்கு முப்பதுகூட ஆகவில்லை. பெரியவர் அந்தப் போரில் பறந்தவரல்ல, சின்னவர் பறந்தவர்.

பத்து வருட வேலை. நான்கு தொகுதிகள். நான்காவது தொகுதி முழுக்க ஆவணங்கள், இணைப்புகள். நான் அந்தத் தொகுதியைத்தான் அதிகம் புரட்டியிருக்கிறேன், ஏனென்றால் அதில் பட் அறிக்கை இருக்கிறது.

1941 கோடையில் சர்ச்சிலின் அறிவியல் ஆலோசகர் செர்வெல் பிரபு ஒரு வேலை கொடுத்தார். குண்டு போடும்போது விமானத்திலிருந்து எடுத்த படங்களை வைத்து, குண்டுகள் உண்மையில் எங்கே விழுகின்றன என்று பார்க்கச் சொன்னார். டி.எம். பட் என்ற அதிகாரி ஜூன், ஜூலை மாதங்களில் எடுத்த 600க்கும் மேற்பட்ட படங்களைப் பார்த்தார். இலக்கைத் தாக்கிவிட்டோம் என்று திரும்பி வந்து சொன்ன விமானங்களில் மூன்றில் ஒன்றுதான் இலக்குக்கு ஐந்து மைலுக்குள் போயிருந்தது. புகை மூட்டம் நிறைந்த ரூர் தொழிற்பகுதியில் பத்தில் ஒன்று. ஐந்து மைல் என்றால் ஒரு நகரத்தையே உள்ளே வைத்துவிடலாம். வந்தவர்கள் யாரும் பொய் சொல்லவில்லை. கணக்கில் கிடைத்த இடத்துக்கு வட்டம் போட்டிருந்தார்கள், அவ்வளவுதான்.

ஃபிராங்க்லண்ட் அதை எந்த மனநிலையில் படித்திருப்பார் என்று நான் பல தடவை யோசித்திருக்கிறேன். அவர் மேசையில் உட்கார்ந்து செய்த வேலையைப் பற்றிய தீர்ப்பு அது. அவருக்கு முன்னால் அதே மேசையில் உட்கார்ந்து செத்தவர்களைப் பற்றியதும்கூட. அதை மறைக்காமல் முழுசாக அச்சில் கொண்டுவந்தார்கள்.

அவர்கள் வந்து சேர்ந்த முடிவு இதுதான், என் வார்த்தையில். நகரங்களை மொத்தமாக எரித்தால் ஜெர்மன் மக்கள் மனம் உடைந்துவிடும், ஆயுத உற்பத்தி நின்றுவிடும் என்று சொன்னது நடக்கவில்லை. 1944 நடுப்பகுதி வரை ஜெர்மன் ஆயுத உற்பத்தி ஏறிக்கொண்டேதான் இருந்தது. ஆனால் கடைசி ஒரு வருடத்தில், நீண்ட தூரம் பறக்கும் அமெரிக்கச் சண்டை விமானங்கள் ஜெர்மன் விமானப்படையை வானத்திலிருந்து விரட்டிய பிறகு, எண்ணெய் ஆலைகளையும் ரயில் பாதைகளையும் அடித்ததில் ஜெர்மனியின் போர் இயந்திரம் நின்றுபோனது. ஆகவே வெற்றியில் குண்டுவீச்சின் பங்கு தீர்மானகரமானது. இரண்டையும் ஒரே புத்தகத்தில் சொன்னார்கள்.

இரண்டையும் சேர்த்துச் சொன்னதுதான் சிக்கல். குண்டுவீச்சு வீண் என்று சொல்லியிருந்தால் ஒரு கூட்டம் கொண்டாடியிருக்கும். அதுவே போரை ஜெயித்தது என்று சொல்லியிருந்தால் இன்னொரு கூட்டம் மாலை போட்டிருக்கும்.

மூன்றாவது தொகுதியில் ஒரு இடம் உண்டு, இதற்காகவே அந்தத் தொகுதியைத் தேடிப் படிக்கலாம். 1944 கடைசி மாதங்களில் விமானப்படைத் தலைவர் போர்ட்டலும் பாம்பர் கமாண்ட் தளபதி ஆர்தர் ஹாரிஸும் எழுதிக்கொண்ட கடிதங்கள். போர்ட்டல் எண்ணெய்க்கு முன்னுரிமை கொடுங்கள் என்கிறார். ஹாரிஸுக்கு அந்த மாதிரி ஒற்றை இலக்குகளில் நம்பிக்கை கிடையாது. சர்வரோக நிவாரணி விற்கிறவர்கள் பேச்சு என்று தள்ளிவிடுகிறார், நகரங்களை விடாமல் அடிக்க வேண்டும் என்கிறார். கடிதத்துக்குக் கடிதம் சூடு ஏறுகிறது. 1945 ஜனவரியில் ஹாரிஸ், என்னை வேண்டுமானால் மாற்றிவிடுங்கள் என்கிற அளவுக்குப் போகிறார். போர்ட்டல் மாற்றவில்லை. இருவருமே அப்போது உயிரோடிருந்த பெரிய மனிதர்கள். ஒருவருக்குக் கீழேதான் ஃபிராங்க்லண்ட் பறந்தார். அந்தக் கடிதப் போக்குவரத்தை ஊர் பார்க்க வைப்பதற்கு எவ்வளவு திடம் வேண்டும்!

வெப்ஸ்டர் 1961 ஆகஸ்டில் காலமானார். புத்தகம் அக்டோபரில் வந்தது. இடையில் சில வாரங்கள்தான். ஆக, அடி வாங்க மிஞ்சியது ஃபிராங்க்லண்ட் ஒருவர். குண்டுவீச்சு ஒரு விலையுயர்ந்த தோல்வி என்று அதிகாரபூர்வ வரலாறே சொல்லிவிட்டதாகப் பத்திரிகைகள் எழுதின. புத்தகத்தில் அப்படி இல்லை. நான்கு தொகுதிகளைப் படித்துப் பார்க்காமல் எழுதியதுதான் அதில் அதிகம். பழைய விமானப்படைக்காரர்களில் பலருக்குக் கோபம். செத்துப்போனவர்களுக்கு அவமானம் என்றார்கள். திட்டு வாங்கியவர் அந்தச் செத்துப்போனவர்களோடு சாப்பிட்டுத் தூங்கியவர் என்பது பலருக்குத் தெரியவில்லை.

நான் அவரை மதிக்கிற காரணம் இங்கே இருக்கிறது. உயிரைப் பணயம் வைத்துச் செய்த ஒரு வேலை பயன்பட்டது என்று நினைத்துக்கொள்வதுதான் எந்த மனிதனுக்கும் ஆறுதல். நண்பர்கள் போய்விட்டார்கள் என்றால் இன்னும் அதிகமாக அந்த ஆறுதல் தேவைப்படும். அவருக்குப் பேனா கையில் இருந்தது, அரசாங்கத்தின் முத்திரையும் இருந்தது. வட்டம் போட்டிருக்கலாம். போடவில்லை.

அப்புறம் அருங்காட்சியகம். 1960இலிருந்து 1982 வரை லண்டனில் இம்பீரியல் வார் மியூசியத்தின் இயக்குநர். லாம்பெத்தில் இருக்கிறது, ஒரு காலத்தில் பெத்லெம் மனநல மருத்துவமனையாக இருந்த கட்டடம். அவர் காலத்தில்தான் அது ஒரு கட்டடத்தைத் தாண்டி வளர்ந்தது. டக்ஸ்ஃபோர்ட் விமானத்தளம் வந்தது, 1978இல் ஹெச்எம்எஸ் பெல்ஃபாஸ்ட் கப்பல் சேர்ந்தது. 1968 அக்டோபரில் ஒருவன் மியூசியத்துக்குத் தீ வைத்தான், போரைப் பிள்ளைகளுக்குக் கண்காட்சியாகக் காட்டுகிறீர்கள் என்ற கோபத்தில். குவிமாடத்துக்குக் கீழே இருந்த வாசிப்பு அறை சேதமானது.

2009இல் எங்கள் கப்பல் டில்பரியில் நின்றபோது ஒரு நாள் விடுப்பு கிடைத்தது. காலையில் ரயிலேறி லண்டன் போனேன். முதலில் பெல்ஃபாஸ்ட். அதன் மேல்தளத்துக்கு ஏறி சார்ட் மேசையைப் பார்த்துவிட்டு, அங்கிருந்து லாம்பெத். உள்ளே ஒரு லங்காஸ்டரின் மூக்குப் பகுதி மட்டும் வெட்டி வைத்திருந்தார்கள். பக்கத்தில் நின்றால் அது எவ்வளவு சின்னது என்று தெரிகிறது. தகரம் அவ்வளவு மெல்லிசு. பள்ளிப் பிள்ளைகள் சத்தம் போட்டுக்கொண்டு கடந்து போனார்கள். நான் கதவு மூடுகிற நேரம் வரைக்கும் அங்கேதான் இருந்தேன்.

படங்களைப் பற்றி அவருக்கு இருந்த பிடிவாதத்தையும் சொல்லியாக வேண்டும். 1964இல் பிபிசி முதல் உலகப்போர் பற்றி 'தி கிரேட் வார்' என்று பெரிய தொடர் எடுத்தது. மியூசியமும் அதில் பங்காளி. நிஜமாகப் போர்க்களத்தில் எடுத்த படத்தோடு, பிற்பாடு நடித்து எடுத்த காட்சிகளையும் கலந்து, எது எது என்று சொல்லாமல் காட்டினார்கள். ஃபிராங்க்லண்ட் அதை எதிர்த்தார். நடித்ததைக் காட்ட வேண்டாம் என்பதல்ல, நடித்தது என்று பார்க்கிறவனுக்குச் சொல்லுங்கள் என்பதுதான் அவர் கேட்டது. இந்தக் கலப்பு அதற்கும் முன்னாலிருந்தே வருகிறது. 1916இல் வந்த 'பேட்டில் ஆஃப் தி ஸோம்' படத்தில், பதுங்குகுழியிலிருந்து வீரர்கள் ஏறிப் போகிறபோது ஒருவர் சரிந்து விழும் காட்சி இருக்கிறதே, உலகமே பார்த்த காட்சி, அது போர்முனைக்குப் பின்னால் பயிற்சி இடத்தில் நடித்து எடுத்தது. அதே படத்தின் மற்ற பல காட்சிகள் நிஜம். இரண்டும் ஒரே சுருளில்.

அதனால்தான் சில வருடம் கழித்து ஜெரமி ஐஸக்ஸ் 'தி வேர்ல்ட் அட் வார்' எடுக்க ஆரம்பித்து இவரிடம் ஆலோசனை கேட்டபோது, படத்தின் நிஜத்தன்மை பற்றி இவர் விடவில்லை. எந்தெந்தப் போர்க்களங்கள் முக்கியம் என்று கேட்டதற்குப் பதினைந்தை எழுதிக் கொடுத்தார். தொடரின் முதுகெலும்பு அந்தப் பட்டியல்தான். நங்கூரத்தில் நின்ற கப்பலில் நான் பார்த்தது அதைத்தான்.

வாழ்க்கை வரலாறுகள் அவர் கடைசியாகக் கையில் எடுத்தவை. இரண்டு அரச குடும்பத்து ஆட்கள். 1980இல் குளூஸ்டர் கோமகன் இளவரசர் ஹென்றி, ஐந்தாம் ஜார்ஜின் மூன்றாவது மகன், போர் முடிகிற சமயத்தில் ஆஸ்திரேலியாவின் கவர்னர் ஜெனரலாகப் போனவர். 1993இல் கன்னாட் கோமகன் இளவரசர் ஆர்தர். பெயர் கேட்ட மாதிரி இருக்கிறதா? டெல்லி கன்னாட் பிளேஸ் அவர் பெயரில்தான். விக்டோரியா ராணியின் மகன். 1850 மே 1இல் பிறந்தார். நெப்போலியனைத் தோற்கடித்த வெலிங்டன் பிரபுவுக்கு அன்றைக்கு 81வது பிறந்தநாள், அவரே ஞானத்தந்தை. செத்தது 1942 ஜனவரியில், இரண்டாம் உலகப்போர் நடுவில். வாட்டர்லூ தளபதியின் மடியில் ஆரம்பித்த ஆயுள் குண்டுவீச்சுக் காலத்தில் முடிந்தது. 1921இல் இந்தியா வந்து, ஜனவரியில் சென்னையில் சட்டசபையைத் திறந்து வைத்தார், பிப்ரவரியில் டெல்லியில் நாடாளுமன்றக் கட்டடத்துக்கு அடிக்கல் நாட்டினார். ஜாலியன்வாலாபாக் நடந்து இரண்டு வருடம்கூட ஆகாத சமயம் அது. ஒத்துழையாமை இயக்கம் நடந்துகொண்டிருந்தது, அவர் வருகையையே காங்கிரஸ் புறக்கணித்தது. அந்தப் புத்தகத்துக்கு ஃபிராங்க்லண்ட் வைத்த பெயரில் இளவரசரை ஒரு நூற்றாண்டின் சாட்சி என்று அழைத்தார். நாயகன் என்று சொல்லவில்லை. அந்தச் சொல் எனக்குப் பிடித்திருக்கிறது.

1998இல் தன் கதையையும் எழுதினார், 'ஹிஸ்டரி அட் வார்'. 2019 அக்டோபரில் 97 வயதில் காலமானார்.

இதையெல்லாம் இப்போது எழுதக் காரணம் என் பெரியப்பா. அவரும் கப்பல்காரர், ரேடியோ ஆபீசர். கப்பலில் எல்லோரும் மார்க்கோனி என்றுதான் கூப்பிடுவார்கள். அவர் போய் ஆறு வருடம் ஆகிறது. பிள்ளைகள் எல்லோரும் சேர்ந்து அவர் வாழ்க்கையைச் சின்னப் புத்தகமாகப் போடலாம் என்று முடிவு செய்து, எழுதுகிற வேலையை என்னிடம் கொடுத்தார்கள். எங்கள் குடும்பத்தில் ஒரு கதை உண்டு. அவர் வேலை பார்த்த கப்பல் புயலில் மாட்டி இரண்டாக முறிந்தபோது, கடைசி வரைக்கும் ரேடியோ அறையை விட்டு வெளியே வராமல் எஸ்ஓஎஸ் அனுப்பிக்கொண்டே இருந்தார், அதனால்தான் எல்லோரும் பிழைத்தார்கள் என்று. கல்யாண வீடுகளில் சொல்வோம். பேரன் பள்ளிக்கூடத்தில் கட்டுரை எழுதிப் பரிசு வாங்கினான்.

பெரியப்பாவின் சி.டி.சி. புத்தகம் பழைய டிரங்குப் பெட்டியில் இருந்தது. கப்பல்காரனுக்கு அதுதான் ஜாதகம். எந்தக் கப்பலில் எந்தத் தேதி ஏறினான், எந்தத் தேதி இறங்கினான், எல்லாம் முத்திரையோடு இருக்கும். அட்டை பிய்ந்து, உள்ளே பூச்சி அரித்திருந்தது. அந்தக் கப்பல் பெயர் இருந்த பக்கத்தை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். இறங்கிய தேதிக்கு மேல் கேப்டனின் கையெழுத்து, ஊதா முத்திரை, தெளிவாக இருந்தது. கப்பல் முறிந்த செய்தி வந்த பத்திரிகைத் துண்டையும் பெரியப்பாவே அதே புத்தகத்துக்குள் மடித்து வைத்திருந்தார். இரண்டு தேதிக்கும் நடுவில் இருபத்து மூன்று நாள்.

மூன்று வாரம் யாரிடமும் சொல்லவில்லை. புத்தகத்தில் அந்த அத்தியாயத்தை இரண்டு விதமாக எழுதிப் பார்த்தேன். 'குடும்பத்தில் சொல்வார்கள்' என்று ஆரம்பித்து நழுவிவிடலாம் என்றும் தோன்றியது. கடைசியில் புத்தகத்தை எடுத்துக்கொண்டு பெரியம்மாவிடம் போனேன். அவருக்கு 84 வயது. கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு தேதியை விரல் வைத்துப் படித்தார்.

"ஆமாடா. அன்னைக்கு அவர் வீட்லதான் இருந்தார்."

"அப்போ அந்தக் கதை, பெரியம்மா?"

"அது நீங்க புள்ளைங்களா சேர்ந்து சொன்னது. அவர் ஒருநாளும் சொன்னதில்ல. யாராவது கேட்டா பேசாம எந்திரிச்சுப் போயிருவார். அடக்கமா இருக்கார்னு நீங்க நினைச்சுக்கிட்டீங்க."

கொஞ்ச நேரம் அந்தப் பக்கத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சொன்னார். இவர் இறங்கும்போது பொறுப்பை வாங்கிக்கொண்டு ஏறியது ஒரு சின்னப் பையன், அதுதான் அவனுக்கு இரண்டாவது கப்பலாம். செய்தி வந்த ராத்திரி பெரியப்பா ரேடியோப் பெட்டியைக் கூடத்தில் தூக்கி வைத்துக்கொண்டு, விடிகிற வரைக்கும் ஊசியைத் திருகிக்கொண்டே உட்கார்ந்திருந்தாராம். வீட்டு ரேடியோவில் அந்த அலை எல்லாம் வராது என்று அவருக்குத் தெரியாதா? சாப்பிடவில்லை. மூன்றாம் நாள்தான் அந்தப் பையன் பிழைத்தான் என்று தகவல் வந்தது. உடனே ரயிலேறிப் போய் அவனைப் பார்த்துவிட்டு வந்தார். திரும்பி வந்து பத்திரிகையை வெட்டி அந்தப் புத்தகத்துக்குள் வைத்தார்.

"அந்தப் பையன்தான் அனுப்பினானா பெரியம்மா, எஸ்ஓஎஸ்?"

"அவன்தான்."

சி.டி.சி. புத்தகத்தை மூடி என்னிடம் நீட்டினார். நான் வாங்கிக்கொள்ளும் முன் மறுபடி தன் பக்கம் இழுத்துக்கொண்டு, பத்திரிகைத் துண்டை அதே மடிப்பில் மடித்து உள்ளே வைத்தார்.

"எழுதலாமா பெரியம்மா?"

"தேதி போட்டு எழுது. அந்தப் பையன் பேரையும் போடு."